முன்கூட்டியே போட்ட கையெழுத்து

அன்று மூன்றாம் வகுப்பு அறையில் இருந்தவர்கள் ஐந்து பேர். பத்திர எழுத்தர் வெற்றிசெல்வன், அவர் மனைவி சொர்ணம், அவர்களின் ஒரே மகள், எட்டு வயது அன்புமொழி, வகுப்பாசிரியை சந்தனமேரி, பத்திர எழுத்தரின் பக்கத்துக் கடையில் முத்திரைத்தாள் விற்கும் ஆண்டியப்பன். இந்த ஐவரில், அன்று மேசைமேல் வைக்கப்பட்ட தாள்களில் கையெழுத்து இட்டிருந்தவர்கள் மூவர். படித்துப் பார்த்துவிட்டு இட்டவர் ஒருவர். அந்த ஒருவர் வெற்றிசெல்வன் அல்லர்.

இது வேறு யாருக்கு நேர்ந்திருந்தாலும் ஊர் மன்னித்திருக்கும். வெற்றிசெல்வன் அன்னவாசலில், சார்பதிவாளர் அலுவலகத்துக்கு எதிரே, பதினான்கு ஆண்டுகளாகக் கடை வைத்திருப்பவர். கடைச் சுவரில், சாமிப் படத்துக்கும் மேலே, அவர் கைப்பட எழுதி மாட்டிய அட்டை ஒன்று உண்டு: 'வெற்றுத் தாளில் கையெழுத்து இடாதீர்.' கைநாட்டு வைக்கும் விவசாயி வந்தாலும் சரி, சிங்கப்பூரிலிருந்து விடுப்பில் வந்த இன்ஜினீயர் வந்தாலும் சரி, அந்த அட்டையை விரலால் சுட்டிய பிறகுதான் பேனாவின் மூடியைக் கழற்றுவார். அதன்பின் ஒரு சொற்பொழிவு.

"வெத்துத் தாள்ல போட்ட கையெழுத்து, கதவத் தெறந்து போட்ட வீடுங்க. யாரு வேணும்னாலும் உள்ள வந்து குடியேறிருவான். படிக்காமப் போட்டுட்டேன்னு பொறவு அழுதா ஒருத்தனும் கேக்க மாட்டான்."

கேட்டவர்கள் பயந்துபோய் ஒவ்வொரு வரியாகப் படித்தார்கள். படித்துவிட்டு ஒவ்வொரு பக்கத்தின் அடியிலும் கையெழுத்து இட்டார்கள். பத்திரத்துக்கு அதுதான் முறை. பக்கத்தின் அடி என்று ஒன்று கண்ணில் பட்டால் கையெழுத்து இட வேண்டும் என்பது பதினான்கு ஆண்டுகளில் அவர் கண்ணுக்குப் பழகிவிட்டது. மெல்ல மெல்ல அவர் கைக்கும் பழகிவிட்டது. அட்டையை அவர் எல்லோருக்கும் காட்டினார். அவருக்கு அதைக் காட்ட ஆள் இல்லை.

வினை ஜூன் மாதத்தில், இதே அறையில் தொடங்கியது. மூன்றாம் வகுப்பில் எழுத்துப் பிழை அதிகம் என்று சந்தனமேரி டீச்சர் பெற்றோரை அழைத்து ஓர் ஏற்பாடு செய்தார். நாள்தோறும் பத்துச் சொற்கள் தரப்படும். மாலையில் வீட்டில் யாராவது ஒருவர் அவற்றைச் சொல்ல, பிள்ளை பார்க்காமல் எழுத வேண்டும். தவறியதை ஐந்து முறை எழுதவைத்து, அடியில் பெற்றோர் கையெழுத்து இட வேண்டும். இதற்கென்று நூறு பக்கத்தில் ஒரு டிக்டேஷன் நோட்டு. மற்றவர்கள் தலையை ஆட்டிவிட்டுக் கலைந்தார்கள். வெற்றிசெல்வன் மட்டும் எழுந்து நின்று, எழுத்தால் வாழ்கிறவன் வீட்டில் எழுத்துப் பிழை இருக்கலாகாது என்றும், இன்று முதல் தம் மகளுக்குத் தாமே சொல் சொல்வதாகவும், அரையாண்டுக்குள் அவளை மாவட்டத்துக்கே எடுத்துக்காட்டாக ஆக்கப்போவதாகவும் அறிவித்தார். யாரோ கை தட்டினார்கள். ஆண்டியப்பன்தான். அவருடைய மகளும் அதே வகுப்பு.

முதல் இரண்டு வகுப்புகளிலும் மகளை உட்காரவைத்துச் சொல் சொன்னவள் சொர்ணம். கூடத்தின் கிழக்குச் சுவரோரம் தையல் மெஷினை மிதித்தபடியே ஒவ்வொரு சொல்லாகச் சொல்வாள். தையல் நிற்காது, பிள்ளையின் பென்சிலும் நிற்காது. அன்று வீடு திரும்பியதும் கணவர் அவளைப் பதவியிலிருந்து இறக்கினார்.

"இனிமே பாப்பாவுக்கு நான்தான் டிக்டேஷன். நீ இதுல தலையிடக் கூடாது."

"ரெண்டு வருசமா நான்தானங்க சொல்லிக்கிட்டு இருந்தேன். ஒரு மார்க்கு கொறையலயே."

"மார்க்கு வேற, எழுத்து வேற. ஒரு எழுத்து மாறுனா தெக்கு வயலு வடக்கு வயலாப் போயிரும். தெனம் அதோட மல்லுக்கட்டுறவன் நான். இது அப்பன் உரிமை. எழுதி வேணும்னாலும் தாரேன்."

"எழுதித் தர வேணாம். ஒக்காந்தாப் போதும்" என்றாள் சொர்ணம்.

உட்கார்ந்தார். முதல் மூன்று நாள்கள் உட்கார்ந்தார். அந்த மூன்று நாள்களைப் பற்றி அவர்மேல் யாரும் ஒரு குறையும் சொல்ல முடியாது. அன்புமொழி இரண்டு பாய் விரித்து, பென்சிலைச் சீவி வைத்துக் காத்திருப்பாள். அவருக்குச் சொல்லைத் தனியாகச் சொல்லத் தெரியாது. பத்திரத்தோடு சேர்த்தே வரும். "கிணறு. மேற்படி கிணறு, நாலில் ஒரு பங்கு." "தென்னை. மேற்படி தென்னை, காய்ப்பில் உள்ளது இரண்டு." மூன்றாம் நாள் பட்டியலில் பூனை வந்தது. அவர் முகத்தில் ஒரு மாற்றமும் இல்லாமல், "மேற்படி பூனை, வால் உள்பட" என்றார். பிள்ளை பாயில் உருண்டு சிரித்தது. அன்றிரவு சாப்பிடும்போது, "அம்மா, மேற்படி இட்லி இன்னும் ஒண்ணு" என்று கேட்டது. சொர்ணத்துக்கே சிரிப்பு வந்தது. மூன்று நாளிலும் முப்பது சொல்லில் ஒரு பிழை இல்லை.

நான்காம் நாள் மாலை ஆறு மணிக்கு ஆண்டியப்பன் போன் செய்தார். ஊர்ப் படிப்பகத்தில் கேரம் பலகைக்கு நாலாவது ஆள் இல்லையாம். படிப்பகம் என்பது பெயர்; அங்கே அலமாரியைத் திறந்தவர் எவரும் இல்லை. வெற்றிசெல்வன் செருப்பை மாட்டிக்கொண்டே, "நாளைக்கு வந்து ரெண்டு நாளுக்கும் சேத்துச் சொல்றேன்டா" என்றார். மறுநாள், மூன்று நாளுக்கும் சேர்த்து. அதற்கு மறுநாள், மொத்தமாக ஞாயிற்றுக்கிழமை. பாய் இரண்டாகவே விரிக்கப்பட்டது. அவர் அதைத் தாண்டித்தான் வாசலுக்குப் போக வேண்டும். தாண்டிப் போனார்.

ஞாயிறு வந்தபோது நோட்டில் சிவப்பு மையில் மூன்று இடத்தில் 'பெற்றோர் கையெழுத்து இல்லை' என்று இருந்தது. அந்த வரி அவரைச் சுட்டது. கையெழுத்தையே தொழிலாகக் கொண்டவர் வீட்டில் கையெழுத்து இல்லை என்பதா? பேனாவின் மூடியைக் கழற்றினார். அந்தப் பக்கத்தில் போட்டார். அடுத்த பக்கத்தில் போட்டார். அடியில் இடம் காலியாக இருந்த ஒவ்வொரு பக்கத்திலும், கடைசிப் பக்கம் வரைக்கும், வால் நீண்ட தம் கையெழுத்தை ஒரே மூச்சில் போட்டு முடித்தார். போட்டு முடித்ததும் விரல் வலித்தது. அன்புமொழிதான் விரலைப் பிடித்து விட்டாள்.

"சொல்லு பத்தையும் நீயே பாத்து அழகா எழுதிரு. கையெழுத்துத் தயாரா இருக்கு."

"நீங்க சொல்ல வேணாமாப்பா?"

"கையெழுத்து இருந்தா நான் சொன்ன மாதிரிதான்டா."

ஒரு பிள்ளைக்குப் பொய்யை இதைவிடச் சுருக்கமாகக் கற்பிக்க இயலாது. ஆனால் அது பொய் என்று அவர் நினைக்கவில்லை. வேலையை ஒழுங்குபடுத்தியதாகவே நினைத்தார். மூன்று வாரம் வரை கூடத்தில் இரண்டு பாய் கிடந்தது. பிறகு ஒன்று.

பார்த்து எழுதிய சொல்லில் பிழை ஏது? பக்கத்துக்குப் பக்கம் டீச்சர் 'மிக நன்று' போட்டார். அதைப் படிப்பகத்தில் காட்டி, தம் கற்பிக்கும் முறையைப் பற்றி வெற்றிசெல்வன் கேரம் ஆடியபடி விளக்கினார். மெஷினடியிலிருந்து சொர்ணம் ஓரிரு முறை, "இன்னைக்கு ஒக்காரலையா?" என்று கேட்டாள். "எல்லாம் நடந்துக்கிட்டு இருக்கு. நீ தலையிடாத" என்றார். அவள் தலையிடவில்லை. சொன்ன சொல்லைக் காப்பாற்றுகிறவள்.

காலாண்டுத் தேர்வில் சொல்வதை எழுதுதலுக்கு அன்புமொழி பத்துக்கு இரண்டு வாங்கினாள்.

விடுமுறையில் வீட்டில் சண்டை நடக்கவில்லை. அதுவே அவருக்குச் சந்தேகம் தந்திருக்க வேண்டும். பகலெல்லாம் அவர் கடையில் இருந்தார். வீட்டில் என்ன நடந்தது என்று கேட்கவில்லை. சொர்ணம் ஒரு நாள் சோறு பரிமாறியபடியே, சும்மா தெரிந்துகொள்ளத்தான், படிக்காமல் போட்ட கையெழுத்து செல்லுமா என்று கேட்டாள். மனைவிக்குத் தம் தொழிலில் ஆர்வம் பிறந்துவிட்டதே என்று அவர் பூரித்துப்போனார். செல்லும் என்றார். கையெழுத்தை ஒப்புக்கொண்டவன் அதற்கு மேலே உள்ளதை மறுக்க முடியாது என்று மோர் சாதம் வரைக்கும் விளக்கினார். இன்னொரு நாள், விடுதலைப் பத்திரத்தைப் பற்றிக் கேட்டாள். கூடப் பிறந்தவர்களுக்குத் தன் பாகத்தை விட்டுக்கொடுத்து எழுதுவது என்றார். எழுதிக் கொடுத்தவரே பிறகு வேண்டாம் என்றால்? தனியாக ரத்து செய்ய முடியாது; எழுதி வாங்கியவரும் மனம் ஒப்பி வந்தால்தான் உண்டு என்றார். மறுபடி ஒரு கரண்டி ரசம் கேட்டார். ஊற்றினாள்.

பள்ளி திறந்த வாரம், சனிக்கிழமை, மதிப்பெண் குறைந்த பிள்ளைகளின் பெற்றோரை டீச்சர் ஒவ்வொருவராக வரச் சொன்னார். ஆண்டியப்பனின் முறை முடிந்துவிட்டது. நண்பரோடு அப்படியே கேரமுக்குப் போகலாம் என்று பின் பெஞ்சில் காத்திருந்தார். வெற்றிசெல்வன் பிள்ளைகளின் குட்டை பெஞ்சில் முழங்கால் தாடையில் இடிக்க உட்கார்ந்திருந்தார். சட்டைப் பையில் பேனா. அவர் முந்திக்கொண்டார். வீட்டில் நோட்டு முழுக்க நூற்றுக்கு நூறு, தேர்வில் இரண்டு. ஆகவே தவறு தேர்வில்தான் இருக்க வேண்டும் என்பது அவர் வாதம்.

டீச்சர் கோபப்படவில்லை. "நீங்க வீட்டுல எப்படிச் சொல்லுவீங்களோ அப்படியே இங்க சொல்லுங்க சார். பாப்பா எழுதட்டும்" என்றார்.

வெற்றிசெல்வன் தொண்டையைச் செருமினார். அன்புமொழி நோட்டைத் திறக்கவில்லை. ஒரு தனித்தாளை எடுத்து அவர் முன்னால் வைத்தாள்.

"மொதல்ல கையெழுத்துப் போட்டுருங்கப்பா. பொறவு எழுதுறேன்."

"மொதல்லயா?" என்றார் டீச்சர்.

"எங்கப்பா அப்படித்தான் டீச்சர். ஒரே நாள்ல எல்லாப் பக்கத்துக்கும் போட்டுட்டாங்க. வெரலு வலிச்சிச்சு. நான்தான் பிடிச்சு விட்டேன்."

அவள் குற்றம் சொல்லவில்லை. உலகத்தில் அப்பாக்கள் அப்படித்தான் கையெழுத்து இடுவார்கள் என்று எண்ணியவள் நடந்ததைச் சொன்னாள்.  ஆண்டியப்பன் சிரித்தார்.

"மாப்ளே, ஒங்கடையில ஒரு அட்டை தொங்குதே, அதுல என்னய்யா எழுதியிருக்கு?"

"சிரிக்காதீங்கண்ணே" என்றாள் சொர்ணம். "நீங்களும் போட்டிருக்கீங்க."

பையிலிருந்து டிக்டேஷன் நோட்டை எடுத்து, கடைசி இரண்டு தாள்களை விரித்து மேசைமேல் வைத்தாள். இரண்டிலும் அடியில் வெற்றிசெல்வனின் வால் நீண்ட கையெழுத்து. அதன் பக்கத்தில் 'சாட்சிகள்' என்று எழுதி, ஒன்று, ஆண்டியப்பன், இரண்டு, சந்தனமேரி. போன செவ்வாயன்று முத்திரைத்தாள் கடையில் கூட்டம் நெரித்தபோது, "அண்ணே, ஒரு சாட்சிக் கையெழுத்து" என்று யாரோ நீட்டியது ஆண்டியப்பனுக்கு நினைவு வந்தது. நாளுக்கு முப்பது சாட்சிக் கையெழுத்துப் போடுகிறவர் அவர். நீட்டியது யார் என்று நிமிர்ந்து பார்த்திருக்கவில்லை.

முதல் தாளை டீச்சர் வகுப்பில் பாடம் படிப்பது போலத் தெளிவாகப் படித்தார்.

'பத்திர எழுத்தர் வெற்றிசெல்வன் ஆகிய நான், என் முழு மனதோடும் நல்ல நினைவோடும், யாருடைய தூண்டுதலும் வற்புறுத்தலும் இன்றி எழுதிக்கொடுத்த உறுதிமொழி என்னவென்றால்: சொல்வதை எழுதுவதில் பின்தங்கிய, கீழே பெயர் கண்ட பதினொரு பிள்ளைகளுக்கும், பள்ளி நடக்கும் நாள்தோறும் மாலை ஆறு மணி முதல் ஏழரை மணி வரை, இந்தக் கல்வியாண்டு முடியும் வரை, என் வீட்டுக் கூடத்தில் நானே உட்கார்ந்து சொல் சொல்லி, பிழை திருத்தி, அதன் பின்னரே கையெழுத்து இடுவேன். மேற்படி கூடத்துக்கு நான்கெல்லை: வடக்கே சமையற்கட்டு, தெற்கே வாசல், கிழக்கே தையல் மெஷின், மேற்கே டி.வி. மேற்படி டி.வி. அந்நேரம் அணைக்கப்பட்டிருக்கும்.'

வெற்றிசெல்வன் தாளை வாங்கிப் பார்த்தார். தொழில் புத்தி முதலில் குற்றம் தேடியது. நாள் இருந்தது. நான்கெல்லை இருந்தது. சாட்சி இரண்டு. அடித்தல் திருத்தல் இல்லை. அவர் வீட்டிலிருந்து போனில் பத்திரம் சொல்லும்போதெல்லாம் சமையற்கட்டில் பாத்திரம் கழுவும் சத்தம் மட்டும்தான் கேட்கும். கழுவியவளின் காதும் வேலை செய்துகொண்டிருந்தது என்பது இப்போதுதான் தெரிந்தது. தம்மிடம் வேலை பழகிய இருவரில் ஒருவருக்குக்கூட இப்படி எழுத வரவில்லை என்பதும் அவருக்குத் தோன்றாமல் இல்லை.

"இது என் எழுத்து இல்ல" என்றார்.

"கையெழுத்து யாருதுங்க?"

"என்னுதுதான். ஆனா நான் படிக்காமல்ல..."

அதற்குமேல் அவரே நிறுத்திக்கொண்டார். மிச்சத்தை அவள் சொல்ல வேண்டியிருக்கவில்லை. ஆண்டியப்பன் சுவரைப் பார்த்தார். ஆறு மணி கேரமுக்கு நாலாவது ஆள் இனி இல்லை.

ஆனாலும் வெற்றிசெல்வன் வீழ்ந்த இடத்தையே மேடையாக்கிக்கொள்ளத் தெரிந்தவர். முதுகை நிமிர்த்தினார். பதினொரு பிள்ளைகள் என்றால் ஒரு சிறு பள்ளிக்கூடம். ஊருக்கு உழைக்க அவர் என்றைக்கு மறுத்தார்? "சரி டீச்சர், மனசார ஒத்துக்கிறேன். நாளன்னைக்கே ஆரம்பிச்சுருவோம். எம்மகளும் பன்னெண்டாவது ஆளா அவங்களோட ஒக்காரட்டும்" என்று சொல்லிக்கொண்டே, பெயர்ப்பட்டியலில் விரலை ஓட்டினார். பதினொரு பெயரும் ஊர்ப் பிள்ளைகள். ஆண்டியப்பனின் மகள் இருந்தாள். அன்புமொழி இல்லை.

"பாப்பா பேரு விட்டுப்போச்சே."

"விட்டுப்போகல. இன்னொரு தாளு இருக்கு" என்றாள் சொர்ணம்.

இரண்டாவது தாளை டீச்சர் படிக்கவில்லை. அவரிடமே தந்துவிட்டார். எழுத்து பெரிது பெரிதாக, கோட்டைத் தொட்டும் தொடாமலும் இருந்தது. அவர் வாய்க்குள் படித்தார்.

'என் மகள் அன்புமொழிக்கு நாள்தோறும் சொல் சொல்லும் உரிமையை நானே கேட்டுப் பெற்று, மூன்று நாள் மட்டும் அனுபவித்து, பின்பு தரிசாகப் போட்டுவிட்டபடியால், மேற்படி உரிமையை என் மனைவி சொர்ணத்துக்கே விட்டுக்கொடுத்து விடுதலை செய்கிறேன். இனி மேற்படி மாலை நேரத்தில் எனக்கு எவ்வித உரிமையும் பாத்தியமும் பின்தொடர்ச்சியும் இல்லை.'

வாரத்துக்கு நான்கு விடுதலைப் பத்திரம் எழுதுகிறவர் அவர். தங்கைமார் வருவார்கள், ஒரு புடவையை வாங்கிக்கொண்டு, அப்பன் நிலத்தில் தங்கள் பாகத்தை விட்டுக்கொடுத்து எழுதுவார்கள். கையெழுத்து இடும் நேரத்தில் அவர்களில் சிலர் ஒரு கணம் பேனாவைப் பிடித்தபடி சும்மா இருப்பார்கள். சீக்கிரம் போடுங்கம்மா, அலுவலகம் பூட்டிருவாங்க என்று அவர் விரட்டுவார். எதற்காகச் சும்மா இருக்கிறார்கள் என்று இதுவரை அவர் யோசித்ததில்லை.

பிழை ஒன்று கிடைத்தாலாவது பிடித்துக்கொள்ளலாம் என்று மறுபடி முதலிலிருந்து பார்த்தார். பெரியவர்களே தடுமாறும் சொற்கள் அவை. ஒன்றிலும் ஓர் எழுத்து மாறவில்லை. பார்த்துக்கொண்டே அடிக்கு வந்தார். எந்தப் பத்திரத்தின் அடியிலும் அவருடைய பெயர் இருக்கும் இடத்தில், அதே பெரிய எழுத்தில், ஒரு வரி இருந்தது.

'எழுதியவர்: வெ. அன்புமொழி, மூன்றாம் வகுப்பு.'

"சொன்னது நான்" என்றாள் சொர்ணம். "எழுதுனது அவ. பாத்து எழுதல."

வெற்றிசெல்வன் தாளை மேசைமேல் வைத்தார். பிறகு, வெகு காலத்துக்குப் பின், மனைவியிடம் தாழ்ந்த குரலில் கேட்டார். "ரத்து பண்ண முடியாதா?"

"எழுதி வாங்குனவளும் மனசு ஒத்து வரணும்னு நீங்கதானங்க சொன்னீங்க. எனக்கு ஆட்சேபணை இல்ல. ஆனா, எழுதுனவகிட்டயும் ஒரு வார்த்த கேட்டுக்கிருங்க."

அவர் மகளைப் பார்த்தார். பழக்கத்தில் கை பையிலிருந்து பேனாவை எடுத்து மூடியைக் கழற்றியிருந்தது. குட்டை பெஞ்சிலிருந்து அவளுடைய உயரத்துக்கே குனிந்து, சிரிக்க முயன்றார்.

"அன்பு. மேற்படி அப்பாடா. நாளைலருந்து தெனமும் ஒக்காருறேன். பூனை, வாலு, எல்லாஞ் சொல்றேன்."

அவள் சிரிக்கவில்லை, முகத்தைச் சுளிக்கவும் இல்லை. 'நாளை' என்ற சொல்லை அவள் நிறையக் கேட்டிருக்கிறாள். மேசைமேல் கிடந்த மூடியை எடுத்து அவர் கையிலிருந்த பேனாவில் மாட்டினாள். பேனாவை வாங்கி அவருடைய சட்டைப் பையில் செருகினாள். நோட்டை மூடி மார்போடு அணைத்துக்கொண்டு வெளியே நடந்தாள்.